தேவனஹள்ளிக்கு அப்பால் ஒரு கைவிடப்பட்ட ரயில் நிலையம்: யார் கட்டியது, ஏன் கைவிட்டார்கள்?

ஹெப்பாள் வாசி (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். எங்கள் குடியிருப்பில் உள்ள தமிழ்க் குடும்பங்கள் பொங்கலை ஒட்டி ஆண்டுதோறும் ஒரு சிறிய மலர் வெளியிடுவது வழக்கம். இவ்வாண்டு மலருக்கு, பெங்களூர் நகரத்துக்கு வடக்கே நான் பார்த்த ஒரு பழைய ரயில் நிலையத்தைப் பற்றி இரண்டு பக்கம் எழுதித் தருவதாக வாய் தவறி ஒப்புக்கொண்டுவிட்டேன். ஒப்புக்கொண்ட பிறகுதான், அதைப் பற்றி எனக்கு எதுவுமே தெரியாது என்பது உறைத்தது.

சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை விடிகாலையில் சைக்கிளில் நந்தி மலைப் பக்கம் போனபோது, தேவனஹள்ளியைத் தாண்டியதும் நெடுஞ்சாலையை விட்டுத் திராட்சைத் தோட்டங்களுக்கு ஊடே செல்லும் ஒரு மண் சாலையில் தவறுதலாகத் திரும்பிவிட்டேன். இப்போது ரயில் ஓடும் அகலப் பாதைக்குச் சற்று இப்பால், ஒரு புளியமரத்தடியில், பாழடைந்த கட்டடம் ஒன்றில் அந்தச் சாலை போய் முடிந்தது. ஒரு திண்ணை, இரண்டு அறைகள், அவ்வளவுதான். சுவரில் கையளவே உள்ள ஓர் அரைவட்டத் திறப்பு இருந்தது. அதன் கீழே பதித்திருந்த கல், ஆண்டுக்கணக்கில் சில்லறைக் காசு உரசியதாலோ என்னவோ, நடுவில் மட்டும் வழவழப்பாகக் குழிந்திருந்தது. டிக்கெட் கொடுத்த ஜன்னல் அதுதான் என்பதில் எனக்கு ஐயமில்லை. எதிரே ஒரு சாண் உயரத்துக்கு மேல் போகாத மண் மேடு. ஓரத்தில் கல் கட்டியிருந்ததால் அதை நடைமேடை என்று ஊகித்தேன். பெயர்ப் பலகையைத் தாங்கிய இரண்டு கம்பங்கள் மட்டும் நிற்கின்றன, பலகை இல்லை. ஆகவே நிலையத்தின் பெயர்கூட எனக்குத் தெரியாது.

வேலிக் கம்பங்களாக நட்டிருந்தவை பழைய தண்டவாளத் துண்டுகள். ஆனால் இன்றைய தண்டவாளத்தோடு ஒப்பிட்டால் அவை குழந்தையின் முழங்கை போல அத்தனை மெலிந்தவை. ஒன்றின் பக்கவாட்டில் புடைப்பான எழுத்துகள் தெரிந்தன. சுண்ணாம்புப் பூச்சு மூடியிருந்ததால் ‘19’ என்ற இரண்டு எண்களுக்கு மேல் படிக்க முடியவில்லை. பக்கத்து வீட்டு வாசலில், இரு முனைகளிலும் இரண்டிரண்டு துளைகள் கொண்ட ஒரு கறுத்த மரக்கட்டையை உட்காரும் பலகையாகப் போட்டிருந்தார்கள்.

அங்கும் பிறகும் விசாரித்ததில் மூன்று கதைகள் கிடைத்தன. கோலார் தங்கத்தைப் பெங்களூருக்குக் கொண்டுவர வெள்ளைக்காரன் போட்ட பாதை என்றார் சாலையோர டீக்கடைக்காரர். நந்தி மலைக்குத் துரைமார்கள் ஓய்வெடுக்கப் போவதற்காக வந்தது என்றார் எங்கள் சைக்கிள் குழு நண்பர். திவான் விஸ்வேஸ்வரய்யா தம் சொந்த ஊருக்காகப் போட்டுக்கொண்டார் என்றார் அந்தப் பலகையில் அமர்ந்திருந்த பெரியவர். மூன்றும் மலரில் போடச் சுவையாகத்தான் இருக்கின்றன. மூன்றும் ஒரே நேரத்தில் உண்மையாக இருக்க முடியாது என்பதும் தெரிகிறது. இந்தப் பாதையை யார், எப்போது, ஏன் போட்டார்கள்? நிலையம் ஏன் இத்தனை சிறியது? ஏன் கைவிடப்பட்டது? விவரம் அறிந்தவர்கள் உதவினால் நன்றியுடையவனாக இருப்பேன்.


ஜோலார்பேட்டைக்காரர் (பதில்)

ஐயா, ரயில்வேயில் கார்டாகப் பணியாற்றி ஓய்வு பெற்றவன் நான். இப்போது பையப்பனஹள்ளியில் வசிக்கிறேன். உங்கள் வருணனையைப் படித்ததும் அந்தக் கட்டடத்தின் வாசனையே மூக்கில் ஏறியதுபோல் இருந்தது. நீங்கள் பார்த்தது பழைய நேரோ கேஜ், அதாவது குறுகிய ரயில் பாதையின் நிலையம் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. எலகங்காவிலிருந்து வடக்கே போனால் பெட்டஹலசூரு, தொட்டஜாலா, தேவனஹள்ளி, அவதிஹள்ளி, வெங்கடகிரிகோட்டை, நந்தி ஹால்ட், பிறகு சிக்கபள்ளாப்பூர் என்று வரிசையாக வரும். தேவனஹள்ளியைத் தாண்டி, மலையடிவாரத்தை எட்டுவதற்கு முன் என்று நீங்கள் சொல்வதைப் பார்த்தால் அவதிஹள்ளி அல்லது வெங்கடகிரிகோட்டையாக இருக்க வேண்டும். மறுபடி போனால் கட்டடத்தின் குறுக்குச் சுவரைப் பாருங்கள். பலகை போனாலும், சுவரில் எழுதிய பெயர் பல அடுக்குச் சுண்ணாம்புக்கு அடியிலும் மழைக்காலத்தில் ஈரம் ஊறும்போது நிழல்போலத் தெரியும்.

முதலில் பாதையைச் சொல்லிவிடுகிறேன். இந்தப் பகுதிக்கு முதலில் வந்தது அகலப் பாதை. சென்னை ரயில்வே ஜோலார்பேட்டையிலிருந்து பெங்களூர் கண்டோன்மெண்ட் வரை 1864-இல் அதைத் திறந்தது. அதன் பிறகு மைசூர்ப் பக்கத்திலிருந்தும், 1890-களில் குண்டக்கல் பக்கத்திலிருந்தும் மீட்டர் கேஜ் வந்து சேர்ந்தது. எலகங்கா அந்தக் குண்டக்கல் பாதையில் உள்ள ஊர். நேரோ கேஜ்தான் கடைசியாக வந்த தம்பி. இன்றைய பங்காரப்பேட்டை அன்று பௌரிங்பேட்டை. அங்கிருந்து கோலாருக்கு, கோலார் டிஸ்ட்ரிக்ட் ரயில்வே என்ற பெயரில், 1913-இல் பாதை திறந்தார்கள். அடுத்த சில ஆண்டுகளில், முதல் உலகப் போர் நடந்துகொண்டிருந்த காலத்தில், ஒரு முனையில் கோலாரிலிருந்து சிந்தாமணி, சிட்லகட்டா வழியாகவும், மறுமுனையில் எலகங்காவிலிருந்து தேவனஹள்ளி வழியாகவும் பாதை நீண்டு சிக்கபள்ளாப்பூரில் சந்தித்தது. எலகங்கா முனைக்கு பெங்களூர் சிக்கபள்ளாப்பூர் லைட் ரயில்வே என்று பெயர்.

அந்த ‘லைட்’ என்ற சொல்லில்தான் உங்கள் பாதிக் கேள்விக்கு விடை இருக்கிறது. தண்டவாளங்களுக்கு இடையே அகலப் பாதையில் 1,676 மில்லிமீட்டர், மீட்டர் கேஜில் 1,000, இதில் வெறும் 762, அதாவது இரண்டரை அடி. இடைவெளி குறைந்தால் எல்லாமே குறையும்: வளைவுகளைக் கூர்மையாகப் போடலாம், மேட்டை வெட்டுவதற்குப் பதிலாகச் சுற்றிக்கொண்டு போகலாம், பாலங்கள் சிறியவை, தண்டவாளத்தைத் தாங்கும் சிலிப்பர் கட்டைகள் குட்டை, எஞ்சின் எடை குறைவு, தண்டவாளமும் மெலிது. மராட்டியப் பகுதியில் 1897-இல் திறந்த பார்சி லைட் ரயில்வேயில் கஜத்துக்கு 30 பவுண்டு எடையுள்ள தண்டவாளத்திலேயே வேலையை முடித்துக் காட்டினார்கள். அதன் பிறகு நாடு முழுவதும் சிறு ஊர்களுக்கு இதே அளவில் பாதைகள் கிளைத்தன. பெரும் போக்குவரத்து வராது என்று தெரிந்தே, ஆனால் மாட்டுவண்டியை விட்டால் வேறு வழியில்லாத சந்தைகளுக்கு, கைக்கு அடக்கமான செலவில் ஒரு ரயில். சிட்லகட்டாவின் பட்டுக்கூடு, சிந்தாமணியின் புளி, கடலை, இந்தச் செம்மண் பூமியின் ராகி ஆகியவற்றுக்காக வந்த பாதை இது.

நிலையம் சிறியதாக இருப்பதும் இதனால்தான். பெட்டியின் தரையே தாழ்வு; படியில் கால் வைத்து ஏறிவிடலாம் என்பதால் உயரமான நடைமேடை தேவையில்லை. இரண்டு அறைகளில் ஒன்று டிக்கெட்டும் தந்தியும் உள்ள அறை, மற்றது பார்சல் வைக்கும் அறை. திண்ணைதான் பயணிகள் காத்திருக்கும் இடம். அந்த வழவழப்பான கல்லைப் பற்றி நீங்கள் எழுதியது எனக்குப் பிடித்திருந்தது. அட்டை டிக்கெட்டை அச்சுப்பொறியில் ‘டக்’ என்று குத்தித் தேதியிட்டு, மீதிச் சில்லறையோடு சேர்த்து ஒரே தள்ளாகத் தள்ளுவார்கள். பயணி அதை விரலால் விளிம்புக்கு இழுத்து எடுப்பார். தேய்ந்தது அந்த இழுப்பில்தான்.

நந்தி மலைத் துரைமார் கதையை எடுத்துவிடுங்கள். மைசூர் கமிஷனராக இருந்த மார்க் கப்பன் நந்தி மலையில் வீடு கட்டிக்கொண்டு கோடையைக் கழித்தவர். அவர் 1861-இல் இறந்துபோனார். பெங்களூருக்கே ரயில் வராத காலம் அது. துரைமார்கள் குதிரையிலும் பல்லக்கிலும் அரை நூற்றாண்டு ஏறி இறங்கிய பிறகுதான் அடிவாரத்துக்கு ரயில் வந்தது. வந்த பிறகு மலைக்குப் போகிறவர்கள் நந்தி ஹால்ட்டில் இறங்கியிருப்பார்கள், அது வேறு செய்தி.

விஸ்வேஸ்வரய்யா கதையில் பாதி சரக்கு உண்டு. அவர் பிறந்த முத்தேனஹள்ளி சிக்கபள்ளாப்பூருக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது. 1909 இறுதியில் மைசூரின் தலைமைப் பொறியாளராக வந்தபோது ரயில்வேத் துறையும் அவர் பொறுப்பில் இருந்தது. 1912 முதல் 1918 வரை திவான். ஆகவே பாதைக்கும் அவருக்கும் தொடர்பு இல்லை என்று சொன்னால் பிழையாகும். ஆனால் பாதை கோலார் முனையில்தான் முதலில் தொடங்கியது. எலகங்கா முனை பின்னால் வந்தது. ஊர்ப் பாசத்தால் போட்டவர் தம் ஊரிலிருந்தா கடைசியில் தொடங்குவார்? பெரியவர் சொன்னதை ‘ஊரார் சொல்வது’ என்று குறிப்பிட்டுப் போட்டுக்கொள்ளுங்கள், உண்மை என்று போட வேண்டாம்.

அடுத்து அந்தக் கட்டை. சிலிப்பர் கட்டையாக இருந்தால் அதுவே உங்களுக்குச் சாட்சி சொல்லும். ஒவ்வொரு தண்டவாளத்துக்கும் உள்பக்கம் ஓர் ஆணி, வெளிப்பக்கம் ஓர் ஆணி அடித்திருப்பார்கள். நீங்கள் பார்த்த துளைகள் அவைதாம். டேப்பை வைத்து உள் துளைகளுக்கு இடையே ஒரு முறையும், வெளித் துளைகளுக்கு இடையே ஒரு முறையும் அளந்து பாருங்கள். 762 என்பது தண்டவாளத்தின் தலைகளுக்கு இடையே உள்ள இடைவெளி. அடிப்பாகம் தலையைவிட அகலம் என்பதால் உள் துளைகள் அதைவிடச் சற்று நெருங்கியும், வெளித் துளைகள் அதைவிட விலகியும் இருக்க வேண்டும். உள்ளளவே ஒரு மீட்டரை நெருங்கினால், அது வேறெங்கிருந்தோ வந்த மீட்டர் கேஜ் கட்டை என்று கொள்ளுங்கள்.

கடைசியாக ஓர் எச்சரிக்கை. வேலிக் கம்பத்தில் உள்ள ஆண்டு, அந்தத் தண்டவாளத்தை ஆலையில் உருட்டிய ஆண்டு. நிலையம் கட்டிய ஆண்டு அதுவாக இருக்க வேண்டியதில்லை. வேறு பாதையில் ஓடித் தேய்ந்த தண்டவாளத்தைக் கொண்டுவந்து வேலிக்கு நடுவது எங்கள் துறையின் நீண்ட நாள் பழக்கம்.


மாரிகுப்பத்து மகள் (பதில்)

மேலே ஐயா எழுதியதில் தங்கக் கதை மட்டும் விடுபட்டுள்ளது. அது என் ஊர்க் கதை என்பதால் நான் எழுதுகிறேன். நான் தங்கவயலில் பிறந்தவள். மூன்று தலைமுறை சுரங்கக் குடும்பம். கிருஷ்ணராஜபுரத்தில் ஆசிரியையாக இருக்கிறேன்.

கோலாரும் கோலார் தங்கவயலும் ஒன்று என்று பெங்களூரில் இருக்கும் நம்மவர்களே நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். இரண்டுக்கும் இடையே ஏறக்குறைய 30 கிலோமீட்டர் தூரம் உண்டு. கோலார், பங்காரப்பேட்டைக்கு வடக்கே, தங்கவயல், கிழக்கே. தங்கவயலுக்கென்று தனிப் பாதை 1894-இலேயே வந்துவிட்டது. பௌரிங்பேட்டையிலிருந்து கோரமண்டல், உரிகம், சாம்பியன் வழியாக மாரிகுப்பம் வரை போகும் அகலப் பாதை அது. சுரங்கத்தை நடத்திய ஜான் டெய்லர் கம்பெனியின் இயந்திரங்களும், சுரங்கத்துக்குத் தாங்கு கொடுக்கும் மரங்களும், வட ஆற்காட்டிலிருந்து குடும்பம் குடும்பமாக வந்த எங்கள் முன்னோரும் அந்தப் பாதையில்தான் வந்து இறங்கினார்கள். நேரோ கேஜ் கோலாருக்கு வந்தது அதற்குப் பத்தொன்பது ஆண்டுகள் கழித்து. பெங்களூருக்கு நேராக அகலப் பாதை இருக்கும்போது, தங்கத்தைக் குட்டி ரயிலில் ஏற்றிச் சிந்தாமணி, சிக்கபள்ளாப்பூர் என்று ஊரெல்லாம் சுற்றிக்கொண்டு போக வேண்டிய அவசியம் எவருக்கும் இல்லை.

நான் சிறுமியாக இருந்தபோது பங்காரப்பேட்டையில் வண்டி மாற நின்றால், ஒரு பக்கம் பெரிய ரயில், மறுபக்கம் அந்தச் சின்ன ரயில். பெரிய பெட்டிக்குள் இரண்டு சின்னப் பெட்டிகள் புகுந்துகொள்ளும் என்று தம்பியிடம் சொல்லி அழவைத்தது நினைவிருக்கிறது. கோலாரம்மன் கோயிலுக்குப் போக ஒருமுறை அதில் ஏறினோம். எதிரெதிரே உட்கார்ந்தால் முட்டிக்கு முட்டி இடிக்கும்.

ஆனால் நான் சொல்ல வந்தது வேறு. ‘ஏன் கைவிடப்பட்டது’ என்று கேட்டிருக்கிறீர்கள். பங்காரப்பேட்டையிலிருந்து கிளம்பிய இந்த இரண்டு கிளைகளையும் அருகருகே வைத்துப் பாருங்கள். எங்கள் சுரங்கம் 2001-இல் மூடப்பட்டது. பாதை எதற்காகப் போடப்பட்டதோ அந்தத் தொழிலே இல்லாமல் போனது. நியாயப்படி முதலில் சாக வேண்டியது எங்கள் பாதைதான். சாகவில்லை. விடியற்காலையில் மாரிகுப்பத்தில் கிளம்பும் ரயிலில் இன்றும் நிற்க இடம் கிடைப்பதில்லை. தங்கவயலே அதில் ஏறிப் பெங்களூருக்கு வேலைக்குப் போய் இரவில் திரும்புகிறது. எங்கள் அண்ணன் அப்படி இருபது ஆண்டுகள் போய் வந்தார். சந்தைகளும் பட்டும் புளியும் குறைவில்லாமல் இருந்த கோலார், சிக்கபள்ளாப்பூர்ப் பாதையோ அதற்கு முன்பே வற்றிப்போனது. வேறுபாடு ஒன்றே ஒன்றுதான்: எங்கள் பெட்டியில் ஏறியவர் இறங்காமல் பெங்களூர் போகலாம், அவர்கள் இறங்கி மாற வேண்டும்.


மயிலாடுதுறையிலிருந்து வைட்ஃபீல்டு (பதில்)

அம்மா சொல்வதில் வலு இருக்கிறது என்றாலும் அதை முழுதாக ஏற்க எனக்குத் தயக்கம். எங்கள் ஊர்ப் பாதையைச் சொல்கிறேன். மயிலாடுதுறையிலிருந்து தரங்கம்பாடிக்கு 1926-இல் போட்ட கிளை, மீட்டர் கேஜ். மயிலாடுதுறையில் பெரிய பாதையும் அந்நாளில் மீட்டர் கேஜ்தான். இறங்கி மாறினாலும் சரக்கை மாற்றி ஏற்ற வேண்டிய தொல்லை கிடையாது. ஆனாலும் அது 1980-களில் மூடப்பட்டது. பொறையாற்றிலும் தரங்கம்பாடியிலும் பேருந்து வாசலுக்கே வந்து நின்றது. ரயிலோ நாளுக்குச் சில முறை, தான் நினைத்த நேரத்துக்கு. அளவு ஒன்றாக இருந்தும் பாதை செத்தது. ஆகவே பேருந்தை இந்தக் கணக்கிலிருந்து விட்டுவிட முடியாது.

இன்னொன்றும் மலருக்குப் பயன்படலாம். வெள்ளைக்காரன் போட்டான் என்று பொதுவாகச் சொல்லிவிடுகிறோம். ‘டிஸ்ட்ரிக்ட் ரயில்வே’ என்ற பெயர் நம் பக்கத்தில் எப்படி வந்தது என்றால், தஞ்சாவூர் ஜில்லா போர்டு நிலவரியோடு ஒரு ரயில்வே வரியும் சேர்த்து வசூலித்து, மாயவரத்திலிருந்து முத்துப்பேட்டைக்கு 1894-இல் பாதை திறந்தது. உழவன் கொடுத்த காசில் வந்த ரயில். மைசூர் வேறு அரசு, அங்குள்ள கணக்கு வேறாக இருக்கலாம். ஆனால் கோலார்ப் பாதையும் ஒரு சமஸ்தானத்துக்குள் ஒரு மாவட்டத்தின் பெயரைத் தாங்கி வந்தது. லண்டனிலிருந்து பங்குதாரர்களுக்காக ஓடிய பெருங்கம்பெனிப் பாதைகளோடு இதைச் சேர்த்து எழுதிவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.


ஜோலார்பேட்டைக்காரர் (மீண்டும்)

இருவர் சொல்வதும் ஒன்றையொன்று வெட்டுவதாக எனக்குத் தோன்றவில்லை. பேருந்து எல்லாக் கிளைப் பாதைகளையும்தான் அடித்தது. அடியைத் தாங்கும் உடம்பு எதற்கு இருந்தது என்பதே கேள்வி. தரங்கம்பாடிப் பாதை நீளம் குறைந்தது, கடலோடு முடிந்துவிடுவது. இது இரு முனைகளிலும் பெரிய பாதைகளைத் தொட்டுக்கொண்டு, பெரிய சந்தைகளைக் கோத்துக்கொண்டு போனது. தொட்டும் ஒட்டாமல் போனதற்குக் காரணம் அந்த இரண்டரை அடிதான்.

சரக்கு மாற்றுவதைக் கண்ணால் பார்த்தவன் நான். ஒரு பக்கம் நேரோ கேஜ் வேகன், மறுபக்கம் அகலப் பாதை வேகன், இடையே பலகை. ஹமாலிகள் தலையில் சாக்குத் துணியை மடித்துப் போட்டுக்கொண்டு, புளிச் சிப்பங்களை ஒன்றொன்றாகச் சுமந்து மாற்றுவார்கள். ஒரு பெரிய வேகனை நிரப்ப இத்தனை சின்ன வேகன்கள் வந்தாக வேண்டும் என்பதால் அரை வயிற்றோடு பெரிய வேகன் நாள் கணக்கில் காத்து நிற்கும். மழை வந்தால் புளி நனையும், சிப்பம் உடைந்தால் எடை குறையும், குறைந்த எடைக்கு யார் பொறுப்பு என்று கடிதம் மேல் கடிதம் போகும். சிந்தாமணி வியாபாரி லாரியைக் கூப்பிட்டால் மண்டியில் ஏற்றியது மண்டியில் இறங்கும். அவர் ஏன் எங்களிடம் வர வேண்டும்? முதலில் போனது சரக்கு. சரக்குப் போன பிறகு பயணிகளை மட்டும் வைத்து ஓட்டும்போது வண்டிகளைக் குறைப்பார்கள். குறைத்தால் பயணியும் பேருந்துக்குப் போவார். போக்குவரத்து இல்லை என்று காரணம் எழுதுவதற்கு அப்போது எல்லாம் ஒழுங்காக அமைந்துவிடும்.

முடிவு இரண்டு தவணையாக வந்தது. எலகங்காவிலிருந்து சிக்கபள்ளாப்பூர் வரையும், பங்காரப்பேட்டையிலிருந்து கோலார் வரையும் 1990-களில் அகலப் பாதையாக்கினார்கள். கோலாருக்கு ரயில்பஸ் என்று ஒன்று, பேருந்தைத் தண்டவாளத்தில் ஏற்றி வைத்ததுபோல, சில ஆண்டுகள் ஓடியது. நடுவில் சிக்கபள்ளாப்பூருக்கும் கோலாருக்கும் இடையே உள்ள பகுதி 2013 வரை காத்திருந்தது. இப்போது முழுவதும் ஒரே அளவு. அகலப் பாதைக்கு வளைவுகளை நிமிர்த்தி, பாதையின் உயரத்தையும் மாற்றும்போது பழைய கட்டடங்கள் சில ஒதுங்கிப்போயின. அப்படி ஒதுங்கியதுதான் உங்கள் நிலையமும். விமான நிலையத்துக்கென்று அதே பாதையில் 2021-இல் ஒரு புதிய ஹால்ட், அதாவது சிறு நிறுத்தம், திறந்தார்கள் என்பதையும் மலரில் சேர்த்துக்கொள்ளலாம். குட்டி ரயில் போட்ட தடம்தான் அது.


மல்லேஸ்வரம் நூலகர் (பதில்)

சுருக்கமாக இரண்டு செய்திகள். மூலச் சான்று பார்க்க விரும்பினால் விதான சௌதாவில் உள்ள கர்நாடக மாநில ஆவணக் காப்பகத்திலும், நிருபதுங்கா சாலையில் உள்ள மிதிக் சொசைட்டி நூலகத்திலும் தேடலாம். மைசூர் அரசின் ஆண்டு நிர்வாக அறிக்கைகளில் ரயில்வேக்கென்று தனிப் பகுதி இருக்கும். பாதை திறந்த தேதிகளுக்கு வாய்வழிச் செய்தியைவிட அது நம்பகமானது. இந்தியச் சர்வே துறையின் பழைய ஓரங்குல வரைபடத்தில் (ஒரு மைலுக்கு ஓர் அங்குலம் என்ற அளவில் வரைந்தது) நிலையத்தின் பெயரும் இடமும் துல்லியமாகக் குறிக்கப்பட்டிருக்கும்.

மற்றொன்று, மறுபடி போகும்போது ஓடும் பாதையைக் குறுக்கே கடந்து போக வேண்டாம். 1989-ஆம் ஆண்டு ரயில்வே சட்டத்தின் 147-ஆவது பிரிவில் அத்துமீறி நுழைவதற்கு ஆறு மாதம் வரை சிறையும், ஆயிரம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. வேலியில் உள்ள இரும்பை நினைவுப் பொருளாக எடுத்து வருவதும் கூடாது. பயன்படாத தண்டவாளமும் ரயில்வேயின் சொத்துதான். இந்தப் பாதையின் பழைய நிலையக் கட்டடங்கள் சிலவற்றைச் சீரமைக்கும் பணியில், பாரம்பரியச் சின்னங்களைப் பாதுகாக்கும் இன்டாக் அமைப்பின் பெங்களூர்க் கிளை ஈடுபட்டிருக்கிறது. உங்கள் புகைப்படங்களை அவர்களுக்கு அனுப்பினால் பயன்படும்.


ஹெப்பாள் வாசி (கேள்வி கேட்டவர்)

அனைவருக்கும் நன்றி. நேற்று மறுபடி போய் வந்தேன். முந்திய இரவு நல்ல மழை.

குறுக்குச் சுவரில், ஐயா சொன்னபடியே, ஈரத்தில் எழுத்துகள் கறுத்துத் தெரிந்தன. மேலே கன்னடம், கீழே ஆங்கிலம். நடுவில் ஒரு ஜன்னலை அடைத்துப் பூசியிருப்பதால் பெயரின் நடுப்பகுதி போய்விட்டது. கன்னட வரியின் கடைசியில் ‘கோட்டெ’ என்பதை என்னுடன் வந்த கன்னட நண்பர் தெளிவாகப் படித்தார். ஆகவே அவதிஹள்ளி அன்று, வெங்கடகிரிகோட்டைதான் என்று கொள்கிறேன். வரைபடத்தைப் பார்த்து உறுதி செய்த பிறகே பெயரை அச்சுக்குக் கொடுப்பேன்.

வேலிக் கம்பத்தின் மேல் காகிதம் வைத்துப் பென்சிலால் தேய்த்துப் பார்த்தேன். ‘19’க்குப் பிறகு வரும் எண்கள் துருவில் கரைந்துபோயிருக்கின்றன. ஆண்டு எனக்குக் கிடைக்கவில்லை. நிலையத்தின் வயதுக்கு அது சான்றாகாது என்று ஐயா முன்பே சொல்லிவிட்டதால் பெரிய வருத்தமும் இல்லை.

கட்டையை அளக்கத்தான் நேரம் பிடித்தது. பெரியவர் அதன்மேல் அமர்ந்து காபி குடித்துக்கொண்டிருந்தார். குடித்து முடிக்கும் வரை எழுந்திருக்கவில்லை. உள் துளைகளுக்கு இடையே 70 சென்டிமீட்டர், வெளித் துளைகளுக்கு இடையே 89. இரண்டுக்கும் நடுவே 76 சரியாக வந்து உட்கார்கிறது. ‘என்ன அளக்கிறாய்?’ என்று கேட்டவரிடம், இந்தக் கட்டை மேல் ஓடிய ரயிலின் அகலத்தை என்றேன். அவர் தம் இரண்டு கைகளையும் விரித்து, சற்றே குறுக்கி, டேப்பின் மேல் கொண்டுவந்து வைத்தார். நான் அளந்ததற்கும் அவர் காட்டியதற்கும் இரண்டு விரற்கடைகூட வேறுபாடு இல்லை.

திவான் கதையை அவர் விட்டுக்கொடுக்கவில்லை. ‘ஊரார் சொல்வது’ என்று போடுவதாக ஒப்புக்கொண்ட பிறகுதான், கட்டையைப் படம் எடுக்க எழுந்து இடம் விட்டார்.